ஒன்பது தலை, ஒரு ஜோடி செருப்பு

கால அறைப் பிரிவில் புதிதாகச் சேர்ந்திருப்பவர்கள் பதினான்கு பேர் என்று சொல்லி உங்கள் குழுப் படத்தை எனக்கு அனுப்பியிருந்தார்கள். எண்ணிப் பார்த்தேன். பதின்மூன்று முகம்தான் இருக்கிறது. பதினான்காமவர்தான் படம் எடுத்தவர் என்றால் சரி. இல்லையென்றால் அவர் எங்கே என்று முதலில் தேடிப் பார்த்துவிட்டு வந்து இதைப் படியுங்கள்.

விளையாட்டுக்குச் சொல்லவில்லை. நம் வேலையில் ஓர் ஆள் குறைவது மற்ற ஆலைகளில் குறைவது போல் அல்ல. அங்கே ஆள் குறைந்தால் கேண்டீனில் இருப்பான். இங்கே குறைந்தால் அறைக்குள் இருக்கலாம்.

இயந்திரத்தைப் பற்றிப் பயிற்சியில் உங்களுக்கு நிறையச் சொல்வார்கள். எனக்கு நான்கு விஷயம் போதும். கூரையில் ஒரு கிண்ணம் இருக்கிறது. அது சித்திரை நட்சத்திரத்தின் ஒளியை மட்டும் பிடிக்கும், பகலானாலும் பிடிக்கும். அந்த ஒளி குழாய் வழியாகக் கீழே இறங்கி, இரண்டு பேருந்து நீளமுள்ள அறைக்குள் விழுந்தால், அங்கே காலம் வேகமாக ஓடும். இஞ்சின் வார்ப்புகளை ஊற்றிய சூட்டோடு கடைந்தால் பிறகு கோணிக்கொள்ளும் என்பதால், முன்பெல்லாம் மாதக்கணக்கில் வெயிலிலும் மழையிலும் போட்டு வைப்பார்கள், இரும்பு தன் முறுக்கை விடும்வரை. நாங்கள் அந்த மாதங்களை இரண்டு டீக்கு நடுவில் முடித்து, மறைமலை நகர் கார் ஆலைக்கு லாரி ஏற்றினோம். எங்கள் ஆலை இருந்த ஒரகடம் கூட்டுச் சாலையில், நான் சேர்ந்தபோது ஆலைகள் நான்கு, ஆடுகள் அறுபதுக்குக் குறையாது.

ஒளியைத் திறக்கும் மூடிக்கு நான்கு படிகள். முதல் படியில் வெளியே ஒரு நிமிடம் என்றால் உள்ளே ஒரு மணி நேரம். நான்காம் படியில் வெளியே ஒரு நிமிடம், உள்ளே ஒரு நாள். திறப்பதில் ஆபத்து இல்லை, மூடுவதில்தான். சட்டென்று மூடினாலும், ஒளி இருக்கும்போதே கதவைத் திறந்தாலும் அறையின் ஒரு மூலை ஒரு காலத்திலும் மறு மூலை இன்னொரு காலத்திலும் நின்றுவிடும். ஒருமுறை சங்கிலி அறுந்து மூடி தானாக விழுந்தது. கதவைத் திறந்தால், நாற்பது வார்ப்புகளில் முப்பத்தொன்று விடலைத் தேங்காய் போலக் கிடந்தன. பிறகு எனக்குப் பல நாள் தேங்காய்ச் சட்னி இறங்கவில்லை.

இன்னொன்று. நட்சத்திரம் நம் கடிகாரத்துக்குக் கட்டுப்பட்டதல்ல. நாள்தோறும் சற்று முன்னதாகவே வரும். சித்திரை மாதத்து நள்ளிரவில் உச்சியில் நிற்பது, ஐப்பசியில் நண்பகல் சூரியனோடு தோளுரசி நிற்கும். அதன் பின்னால் எங்கள் ஷிப்டும் நகர்ந்துகொண்டே இருக்கும். கம்பெனி பஸ் ஓட்டுநர்களும் எங்கள் வீட்டுக்காரர்களும் சேர்ந்து சபித்த நட்சத்திரம் அது.

நான் சொல்லப்போவது ஓர் ஐப்பசியில் நடந்தது.

அப்போதெல்லாம் அறைக்குள் வெறுங்காலோடுதான் போக வேண்டும். தரையில் ஒரு மணல் துகள் கிடந்தாலும் வார்ப்பில் வடு விழும். ஆகவே கதவுக்கு வெளியே கோயில் வாசல் போலச் செருப்புகள் வரிசையாகக் கிடக்கும். வார்ப்புகளை அடுக்கி, உருளாமல் மரக்கட்டை செருகிவிட்டு எல்லாரும் வெளியே வந்ததும் தலை எண்ணுவார்கள். எண்ணிக்கை சரியாக இருந்தால் கதவைச் சாத்துவார்கள். அன்றைக்கு உள்ளே போனவர்கள் ஒன்பது பேர்.

எண்ணியவர் சூப்பர்வைசர் குணசேகரன். வல்லம்காரர், கவனமான ஆள். ஒரு நாளும் கணக்கில் தப்பியதில்லை. அன்றும் தப்பவில்லை. ஒன்பது தலை எண்ணினார், கதவைச் சாத்தினார், மூடியை முதல் படிக்குத் திறந்தார்.

ஆலையின் பாதுகாப்பு என் பொறுப்பு; வழக்கம்போலக் கவலையோடு அந்தப் பக்கம் வந்தேன். கவலைப்படுவதற்குத்தான் எனக்குச் சம்பளம் என்று நினைத்துக்கொண்டிருந்த காலம். எதைப் பார்த்தாலும் வலக்கைக் கட்டைவிரலால் மற்ற விரல்களின் கணுக்களைத் தொட்டு, உதட்டுக்குள் எண்ணிக்கொண்டே நடப்பேன். ஆலைப் பிள்ளைகள் எனக்கு ‘மீட்டர்’ என்று பெயர் வைத்திருந்தார்கள். எனக்குத் தெரியாது என்று அவர்களுக்கு நினைப்பு.

ஆட்கள் செருப்பை மாட்டிக்கொண்டு, கேண்டீன் ஏகாம்பரம் கொண்டுவந்த மோரைச் சுற்றி நின்றிருந்தார்கள். சுவரோரம் ஒரு ஜோடி செருப்பு மட்டும் கிடந்தது. நீல வார், சின்ன அளவு, இடது குதிகால் தேய்ந்தது.

“குணசேகரன், இது யாருடையது?”

அவர் திரும்பிப் பார்த்தார். “யாராச்சும் வுட்டுட்டுப் போயிருப்பாங்க சார். ஆள் கரெக்டா கீறாங்க. ஒம்பது.”

நானும் எண்ணினேன். ஒன்பது. அதில் ஒருவர் மோர் ஊற்றிக்கொண்டிருந்தார். கால்களைப் பார்த்தேன். வெறுங்கால். ஏகாம்பரம் ஆலைக்குள் செருப்பே போடாதவர்.

மற்ற பதினோரு மாதங்களில் எங்கள் வேலையும் சாப்பாட்டு வேளையும் சந்திப்பதே இல்லை. ஐப்பசியில் நட்சத்திரம் உச்சிக்கு வரும் நேரமும் மோர் வரும் நேரமும் ஒன்று. குணசேகரன் எண்ணிய ஒன்பதாவது தலை ஏகாம்பரத்தினுடையது.

“பேச்சியம்மா எங்கே?” என்று யாரோ கேட்டார்கள்.

பேச்சியம்மாள் சாத்தூர்ப் பக்கத்துப் பெண். வந்து நான்கு மாதம். படப்பையில் ஓர் அறையில் ஆறு பேரோடு தங்கி, முதல் பஸ்ஸில் வருவாள். கடைக்கோடி வார்ப்புக்குக் கட்டை செருகுவது அவள் வேலை. ஆள் சிறுத்தவள் என்பதால் வார்ப்புக்குப் பின்னால் நுழைந்துவிட்டால் வெளியே தெரியாது.

கதவில் சாப்பாட்டுத் தட்டு அளவுக்குத் தடித்த கண்ணாடி ஜன்னல் உண்டு. எட்டிப் பார்த்தேன். நீல வெளிச்சத்தில் ஏதோ ஒன்று அறை முழுவதும் தட்டாம்பூச்சி போல இங்கும் அங்கும் வெட்டி வெட்டி ஓடிக்கொண்டிருந்தது. ஜன்னலருகே ஒரு கணம், மறு மூலையில் ஒரு கணம். கதவைத் தட்டியிருப்பாள், எங்கள் காதுக்கு அது ஒரு மெல்லிய ரீங்காரமாகத்தான் வந்தது. மூடி திறந்து இரண்டு நிமிடம் ஆகியிருந்தது. அவளுக்கு இரண்டு மணி நேரம்.

குணசேகரன் மூடியின் சக்கரத்தை நோக்கிப் பாய்ந்தார். நான் அவர் மணிக்கட்டைப் பிடித்தேன்.

“வுடு சார்! பொண்ணு உள்ள கீது!”

“தெரியும். மெதுவாகத்தான் மூடணும்.”

சத்தம் கேட்டு ஆலை மேலாளர் ஓடி வந்தார். நல்ல மனிதர்; ஆனால் கார் ஆலையிலிருந்து எங்களிடம் வந்து ஆறு வாரம்தான் ஆகியிருந்தது. அங்கே எந்த ஆபத்துக்கும் சிவப்புப் பொத்தான்தான் மருந்து. “கட் பண்ணுங்கய்யா! என்ன வேடிக்கை பாத்துட்டு நிக்கிறீங்க?” என்று கத்தினார்.

“சார், கட் பண்ணினால் இரும்பு என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும். அவள் என்ன ஆவாள் என்று யாருக்கும் தெரியாது. மெதுவாக மூடினால் என்ன ஆகும் என்பது தெரியும். பசிக்கும், தாகமெடுக்கும். அவ்வளவுதான்.”

“எவ்ளோ நேரம்?”

“சக்கரம் இருபது சுற்று. சுற்றுக்கு ஒரு நிமிடம். நமக்கு இருபது நிமிடம். அவளுக்குப் பத்து மணி நேரம்.”

அவர் முகம் வெளுத்தது. எனக்கே சக்கரத்தைப் பற்றிச் சுழற்றிவிடத் தோன்றியது. ஆனால் ஒன்று புரிந்துகொள்ளுங்கள்: ஆபத்து நேரத்தில் நம் கை எதையாவது செய்யத் துடிக்கிறதே, அந்தத் துடிப்பு உள்ளே இருப்பவருக்காக அல்ல, நமக்காக. நம்மால் நிற்க முடியவில்லை என்பதற்காக அவளை உடைக்கக் கூடாது.

“உங்க பொறுப்பு,” என்றார் மேலாளர்.

“என் பொறுப்பு,” என்றேன். குணசேகரன் முதல் சுற்றைத் தொடங்கினார்.

அப்போதுதான் எனக்கு அடுத்த கவலை வந்தது. ஐப்பசி. மழைக்காலம். மேகம் வந்து நட்சத்திரத்தை மறைத்தால் அதுவும் சட்டென்று மூடுவதுதான். “ஏகாம்பரம், கூரைமேல ஏறு. படப்பைப் பக்கம் வானம் எப்படி இருக்குன்னு பார்.”

ஏகாம்பரம் மோர்ப் பாத்திரத்தைக் கீழே வைத்துவிட்டு ஏணியில் ஏறினார். ஓட்டுத் திறப்பு வழியாகத் தலை தெரிந்தது.

“கருக்கலா ஒண்ணு வருது சார். நெழலு டவர்மேல வுயுது.”

படப்பைப் பக்கத்திலிருந்து எங்கள் ஆலை வரை வயல்களுக்கு நடுவே உயர் அழுத்த மின்கோபுரங்கள் வரிசையாக வரும். ஐப்பசியில் சூரியனும் சித்திரையும் பக்கத்துப் பக்கத்தில் என்பதால், மேக நிழல் எங்கள் கூரையைத் தொடும் நேரமும் ஒளி நிற்கும் நேரமும் ஒன்று. எத்தனை கோபுரம் மிச்சம் என்று கேட்டேன்.

“பத்து சார். சொம்மா நவுருது, அவசரம் இல்லாம.”

பத்துக் கோபுரம், இருபது சுற்று. கோபுரத்துக்கு இரண்டு சுற்று போனால் சரியாக வரும். “ஒவ்வொரு கோபுரம் மறையும்போதும் மிச்சத்தைச் சொல்லு,” என்றேன்.

பிறகு உள்ளே இருப்பவளுக்கு ஏதாவது சொல்ல வேண்டும். பேசினால் கேட்காது. ஆனால் எழுதிப் பிடித்தால் அவளுக்கு அது மணிக்கணக்கில் நிற்கும். ஓர் அட்டைப் பெட்டியைக் கிழித்தேன்.

“‘பயப்படாதே’ன்னு எழுதுங்க,” என்றார் மேலாளர்.

“அதைப் பத்து மணி நேரம் படித்தால் பயம்தான் வரும் சார்.”

நான் இப்படி எழுதினேன்: ‘அறை நடுவில் உட்கார். சுவரைத் தொடாதே. கதவு நிச்சயம் திறக்கும். எங்களுக்கு இருபது நிமிடம். உனக்குப் பத்து மணி நேரம்.’

“பத்து மணி நேரம்னு சொல்லாதீங்க, அந்தப் பொண்ணு உடைஞ்சு போயிடும்.”

“சொல்லாவிட்டால்தான் உடைவாள். எவ்வளவு என்று தெரிந்தால் மனிதர் எதையும் தாங்கிவிடுவார்கள்.” அட்டையை ஜன்னலில் வைத்து இடக்கையால் பிடித்துக்கொண்டேன்.

கண்ணிமைப்பதற்குள் உள்ளே ஓட்டம் நின்றது. நீல வெளிச்சத்துக்கு நடுவில் ஒரு சிறு உருவம் உட்கார்ந்திருந்தது. இன்னொரு இமைப்பில் ஜன்னலின் உட்பக்க எண்ணெய்ப் பிசுக்கில் விரலால் எழுதிய எழுத்துகள் தோன்றின. எழுதுவதை யாரும் பார்க்கவில்லை; திடீரென்று அங்கே இருந்தன, எங்கள் பக்கம் நேராகத் தெரியும்படி இடம் வலம் மாற்றி எழுதப்பட்டு. ‘சரி சார். அங்கேயே நில்லுங்க.’

அட்டையை ஒட்டிவிட்டு நான் சக்கரத்துக்கோ கூரைக்கோ போயிருக்கலாம். அந்த இரண்டாவது வாக்கியத்தால் நின்றுவிட்டேன்.

“ஒம்பது!” என்றார் ஏகாம்பரம் மேலிருந்து.

“ஒன்பது,” என்றேன் உதட்டுக்குள். கட்டைவிரல் ஒரு கணு இறங்கியது.

“எட்டு!”

குணசேகரன் ஒரே சீராகச் சுற்றிக்கொண்டிருந்தார். சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. “நான்தான் சார் எண்ணினேன், நான்தான் எண்ணினேன்,” என்று முணுமுணுத்தார். “இப்போ சுற்றை எண்ணுங்கள்,” என்றேன்.

ஏழு. ஆறு. பிறகு ஏகாம்பரத்தின் குரல் மாறியது.

“சார், காத்து எயும்பிச்சி! அஞ்சும் நாலும் ஒண்ணா பூட்ச்சு! இன்னும் மூணுதான் கீது!”

குணசேகரனைப் பார்த்தேன். “எத்தனை சுற்று மிச்சம்?”

“எட்டு சார். வேகமா சுத்தட்டா?”

எட்டுச் சுற்று, மூன்று கோபுரம், மேகம் இருமடங்கு வேகத்தில். கணக்கு உதைத்தது. எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். வேகமாகச் சுற்றினால் நாமே உடைக்கிறோம். சுற்றாவிட்டால் மேகம் உடைக்கும். இந்த இடத்துக்கு எந்தக் கையேட்டிலும் பக்கம் கிடையாது. உங்களுக்கும் ஒரு நாள் அந்த இடம் வரும். அப்போது தெரியாததை நினைத்துக்கொண்டு நிற்காதீர்கள். தெரிந்ததில் இன்னும் கேட்காத கேள்வி எது என்று பாருங்கள்.

“ஏகாம்பரம்! மேகத்தோட ஓரம் எப்படி இருக்கு? வெட்டின மாதிரியா, பிய்ச்ச மாதிரியா?”

“பஞ்சாட்டம் கீது சார். பிஞ்சி பிஞ்சி வருது. நடுவுலதான் கருப்பு.”

அப்படியானால் அந்த மேகம் மூடியைப் போல் விழாது. மெல்ல மங்கவைக்கும். அதுவே ஒரு சக்கரம்.

“குணசேகரன், அதே வேகம். மாற்றாதீர்கள். மேகம் வரும்வரை நீங்கள் மூடுங்கள். மிச்சத்தை மேகம் மூடட்டும்.”

“மேகமா?” என்றார் மேலாளர்.

“ஆமாம் சார்.”

இரண்டு என்றார் ஏகாம்பரம். ஒன்று என்றார். கூரைத் திறப்பு வழியே விழுந்த வெயில் முதலில் வெளுத்தது, பிறகு சாம்பலாயிற்று, பிறகு இல்லை. ஜன்னலுக்குள் நீலம் அடங்கி அணைந்தது. உள்ளிருந்து ‘டிங்’ என்று ஓர் ஓசை வந்தது. ஒரே ஒரு வார்ப்பு. பிறகு மயிரிழை விரிசல் ஒன்றை அதில் கண்டுபிடித்தார்கள். அன்று நாற்பதில் ஒன்று. அந்த ஒன்றுக்கு விளக்கம் கேட்டு எனக்கு மேலிடத்திலிருந்து வந்த கேள்விகள் பதினேழு. மேலாளர் அத்தனைக்கும் தன் பெயரிலேயே பதில் அனுப்பினார்.

கதவைத் திறந்தோம். பேச்சியம்மாள் அறை நடுவில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தாள். ராட்டினத்திலிருந்து இறங்கியவள் போல எழுந்து ஓர் ஆட்டம் ஆடினாள். உதடு வெடித்திருந்தது. மூக்கிலிருந்து ஒரு துளி ரத்தம். கையும் காலும் விரலும் இருக்கின்றனவா என்று நான் எண்ணிப் பார்த்தேன். விரல் இருபதும் இருந்தன. ஏகாம்பரம் கொடுத்த மோரை ஆறு டம்ளர் குடித்தாள்.

“மெதுவா குடி மே,” என்றார் ஏகாம்பரம். பிறகு சுற்றி நின்றவர்களைப் பார்த்து, “இன்னாபா பாக்குறீங்க? அரை நாளு பெர்சாயி வந்துகீது. இனிமே எல்லாரும் அக்கான்னு கூப்புடுங்க,” என்றார். முதலில் சிரித்தது அவள்தான். குணசேகரன் சிரிக்கவில்லை. குனிந்து அந்த நீல வார்ச் செருப்பை எடுத்துவந்து அவள் காலருகே வைத்தார்.

அன்றிலிருந்து எங்கள் ஆலையில் தலை எண்ணுவதை நிறுத்தினோம். வாழ்நாள் முழுதும் எண்ணியவன் சொல்கிறேன், நம்புங்கள்: எண்ணிக்கைக்கு முகம் கிடையாது. ஒன்பது என்பது எந்த ஒன்பது பேராலும் நிரம்பும். கதவைச் சாத்துமுன் பெயர் சொல்லிக் கூப்பிடுங்கள். ஒவ்வொருவரும் வாயைத் திறந்து பதில் சொல்ல வேண்டும். உங்கள் வல்லம் வடகால் ஆலையில் கேமரா இருக்கிறது, கதவில் அடையாள அட்டை வாசிப்பான் இருக்கிறது என்றார்கள். சந்தோஷம். இருந்தாலும் பெயர் சொல்லிக் கூப்பிடுங்கள்.

ஆனால் நான் இதை எழுத உட்கார்ந்தது அதற்காக அல்ல. அன்று மாலை கம்பெனி பஸ்ஸுக்கு நின்றுகொண்டிருந்தபோது பேச்சியம்மாள் என் பக்கத்தில் வந்தாள். மற்றவர்களுக்கு அது சாயங்காலம். அவளுக்கு விடிய வேண்டிய நேரம், கண் சொக்கியது.

“அட்டைய எத்தனை தடவை படிச்சே?” என்று கேட்டேன். என்னால் அப்படித்தான் கேட்க முடியும்.

“ஒருக்கதான் சார். அதுக்கப்புறம் என்னத்த படிக்க? ஒங்க மொகத்தத்தான் பாத்துக்கிட்டு இருந்தேன்.”

என் முகம் எப்படிப்பட்டது என்று எனக்குத் தெரியும். நான் கல்யாணப் படத்தில்கூடக் கவலையாக இருக்கிறேன் என்று வீட்டில் சொல்வார்கள். அந்த முகத்தையா ஒருத்தி பத்து மணி நேரம் பார்த்தாள்?

“பயந்துட்டியாம்மா?”

“மொதல்ல பயந்தேன் சார். செலை மாதிரி நின்னீக. கண்ணு கூட மூடல. பொறவு பாத்தா, ஒதடு கொஞ்சங் கொஞ்சமா பிரியுது. ஒரு வார்த்தை சொல்லி முடிக்க எம்புட்டு நேரம்! கூடவே அந்தக் கட்டைவெரலு ஒரு கணு எறங்குச்சு. சரி, மீட்டரு எண்ணுதுன்னு தெரிஞ்சிபோச்சு.” நாக்கைக் கடித்துக்கொண்டாள். “மன்னிச்சிருங்க சார்.”

“பரவாயில்லை, சொல்லு.”

“எதை எண்ணுதீகன்னு தெரியல. ஆனா கணு எறங்கிக்கிட்டே வந்துச்சு. மொத ரெண்டு எண்ணத்துக்கும் நடுவுல ஒரு யுகம். எங்கம்மாகிட்ட பேச வேண்டியதெல்லாம் பேசி முடிச்சேன். எட்டு சொன்னப்ப படுத்துட்டேன், ஆறு சொன்னப்ப முழிச்சேன். அதுக்கப்புறம் வெரசா ஓடுச்சு.”

பஸ் வந்து நின்றது. அவள் ஒரு கையால் கம்பியைப் பிடித்து ஏறியபடியே திரும்பினாள்.

“மீட்டரு ஓடுதுல்ல சார். அப்ப வண்டியும் ஓடுதுன்னுதான அர்த்தம். ஊரு வந்துரும்னு உக்காந்துட்டேன்.”